முக்கோணவியல் சார்புகளின் சார்பகம் காணுதல்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கீழ்வரும் விடைகளில் மாறியை ‘க’ என்றும், ஏதேனும் ஒரு முழுவை ‘ந’ என்றும் குறித்துள்ளோம். ‘ந’ என்பது மிகை, குறை, பூச்சியம் ஆகிய எந்த முழுவாகவும் இருக்கலாம். பாகை என்று தனியே சொல்லப்படாத இடங்களிலெல்லாம் கோணம் ரேடியனில் உள்ளதாகக் கொள்க.

சார்பகம் என்பது என்ன? கணக்கில் அது கொடுக்கப்படாதபோது எதைக் கண்டுபிடிக்கச் சொல்கிறார்கள்?

சார்பு என்பது ஒரு விதி மட்டுமன்று. அந்த விதி எந்தெந்த எண்களின்மேல் செயல்படுகிறது என்பதைக் கூறும் கணமும் சார்பின் ஒரு பகுதியே. அந்தக் கணத்தையே சார்பகம் என்கிறோம். கறாராகப் பார்த்தால், சார்பகத்தைச் சொல்லாமல் ஒரு சார்பைக் கொடுப்பது பாதி வேலைதான். ஆனாலும் “டேன் 3க என்பதன் சார்பகம் காண்க” என்று கேள்வி வரும்போது, அதற்குப் பின்னால் சொல்லப்படாத ஓர் உடன்பாடு இருக்கிறது: கோவையில் எந்த மெய்யெண்களைப் பிரதியிட்டால் விடையும் ஒரு மெய்யெண்ணாகக் கிடைக்குமோ, அவை அனைத்தும் அடங்கிய மிகப்பெரிய கணத்தைக் காண வேண்டும் என்பதே அது.

சூழல் வேறாக இருந்தால் சார்பகமும் வேறாகும். சைன் க என்ற அதே கோவையில் க என்பது ஒரு முக்கோணத்தின் கோணம் எனக் கூறப்பட்டிருந்தால், சார்பகம் 0-க்கும் பை-க்கும் இடைப்பட்ட திறந்த இடைவெளியாகச் சுருங்கிவிடும்.

ஆறு அடிப்படைச் சார்புகளின் சார்பகங்களை மனப்பாடம் செய்துதான் ஆக வேண்டுமா?

வேண்டியதில்லை. சைனும் காஸும் எங்கெங்கே பூச்சியமாகின்றன என்பது தெரிந்தால் போதும். மற்ற நான்கும் அதிலிருந்து தாமே கிடைத்துவிடும்.

ஆதிப்புள்ளியை மையமாகக் கொண்ட ஓரலகு வட்டத்தை எண்ணிப் பாருங்கள். வலப்பக்கத்துக் கிடை அச்சிலிருந்து தொடங்கி க ரேடியன் சுழன்றால் வட்டத்தின் மேல் ஒரு புள்ளியை அடைவோம். அப்புள்ளியின் கிடை ஆயத்தொலைவு காஸ் க, செங்குத்து ஆயத்தொலைவு சைன் க. எவ்வளவு சுழன்றாலும், எத்திசையில் சுழன்றாலும், வட்டத்தின் மேல் ஏதோ ஒரு புள்ளியில் நிற்போம் என்பதால், சைனுக்கும் காஸுக்கும் மறுக்கப்படும் எண் எதுவும் இல்லை. அவற்றின் சார்பகம் மெய்யெண்கள் அனைத்துமாகும்.

டேன் க என்பது சைனைக் காஸால் வகுத்து வருவது. செக் க என்பது 1-ஐக் காஸால் வகுத்து வருவது. எனவே காஸ் பூச்சியமாகும் இடங்கள், அதாவது புள்ளி செங்குத்து அச்சின் மீது நிற்கும் கோணங்கள், இவ்விரண்டிலிருந்தும் நீங்கும். அவை பை/2-இன் ஒற்றை மடங்குகள்: பை/2 + ந·பை. காட், காசெக் இரண்டிலும் பகுதியில், அதாவது பின்னத்தின் கீழ்ப்பாகத்தில், சைன் இருப்பதால், புள்ளி கிடை அச்சின் மீது நிற்கும் கோணங்கள், அதாவது ந·பை என்ற எண்கள் நீங்கும்.

டேன் 90° முடிவிலி என்று பள்ளியில் எழுதினோமே, அப்படியானால் 90° சார்பகத்தில் உண்டா?

இல்லை. முடிவிலி ஒரு மெய்யெண் அன்று. “டேன் 90° = முடிவிலி” என்று எழுதும் வழக்கம் ஒரு சுருக்கக் குறிப்பாகத் தொடங்கி உண்மைபோல் நிலைத்துவிட்டது. அது குறிப்பாகக்கூடச் சரியில்லை. கோணம் 90°-ஐ இடப்பக்கத்திலிருந்து நெருங்கும்போது டேன் மதிப்பு எல்லையின்றி உயர்கிறது. வலப்பக்கத்திலிருந்து நெருங்கும்போது எல்லையின்றிக் குறைகிறது. டேன் 89.9° ஏறத்தாழ 573 என்றால், டேன் 90.1° ஏறத்தாழ −573. வரைபடத்தில் அந்த இடத்தில் ஒரு செங்குத்துத் தொலைத்தொடுகோடு நிற்கும். வரைகோடு அதைத் தொடுவதுமில்லை, கடப்பதுமில்லை. ஆகவே “வரையறுக்கப்படவில்லை” என்று எழுதுவதே சரியான விடை.

கோணத்தின் இடத்தில் 2க − பை/3 போன்ற ஒரு கோவை இருந்தால் எப்படிச் செய்வது?

மறுக்கப்படும் இடம் உள்ளே இருக்கும் முழுக்கோவைக்கும் உரியது, தனியாக நிற்கும் க-க்கு உரியதன்று. இதை மறந்து “க ≠ பை/2 + ந·பை” என்று எழுதிவிடுவது மிகப் பரவலான தவறு. டேன் (2க − பை/3) என்பதை எடுத்துக்கொள்வோம். இங்கு நீக்கப்பட வேண்டியவை 2க − பை/3 = பை/2 + ந·பை என்ற சமன்பாட்டை நிறைவுசெய்யும் க-இன் மதிப்புகள். பை/3-ஐ வலப்பக்கம் கொண்டுபோனால் 2க = 5பை/6 + ந·பை. இரண்டால் வகுத்தால் க = 5பை/12 + ந·பை/2.

கடைசிப் படியைக் கவனியுங்கள். இரண்டால் வகுக்கும்போது ந·பை என்ற உறுப்பும் வகுபட வேண்டும். அதை விட்டுவிட்டு 5பை/12 + ந·பை என்று எழுதினால், நீக்கப்பட வேண்டிய எண்களில் பாதி சார்பகத்துக்குள் நுழைந்துவிடும். சரியான விடையில் ந-க்கு 1 எனப் பிரதியிட்டால் கிடைக்கும் 11பை/12 அத்தகைய எண். அதை மூலக்கோவையில் இட்டுப் பார்த்தால் உள்ளே 3பை/2 வருகிறது. அங்கும் டேன் வரையறுக்கப்படவில்லை.

உள்ளே இருப்பது நேரியல் கோவையாக இல்லாமல் 1/க அல்லது √க ஆக இருந்தால், வெளியே இருப்பது எல்லா எண்களையும் ஏற்கும் சைனே ஆனாலும் உள்கோவையின் தடை அப்படியே நீடிக்கும். சைன் (1/க) என்பதற்குப் பூச்சியம் ஆகாது. சைன் √க என்பதற்குக் குறையெண்கள் ஆகா.

பகுதியில் 2 சைன் க − 1 போன்ற கோவை இருந்தால்?

அது பூச்சியமாகும் இடங்களைத் தீர்வுகண்டு நீக்க வேண்டும். சைன் க = 1/2 என்றால், ஒரு முழுச்சுற்றுக்குள் பை/6, 5பை/6 என்ற இரண்டு கோணங்கள் உள்ளன. இரண்டோடும் 2ந·பை சேர்த்து எழுதுங்கள். முதல் கோணத்தை மட்டும் நீக்கிவிட்டு எழுந்துவிடுவோர் பலர். பகுதியில் 2 சைன் க − 3 இருந்தாலோ வேலையே இல்லை. சைன் ஒருபோதும் 3/2 ஆகாது என்பதால் சார்பகம் மெய்யெண்கள் அனைத்துமாகும்.

வர்க்கமூலம் வந்துவிட்டால் விடை ஏன் புள்ளிகளாக இல்லாமல் இடைவெளிகளாக வருகிறது?

வகுத்தல் ஒரேயொரு எண்ணை, அதாவது பூச்சியத்தை மட்டுமே மறுக்கிறது. எனவே அங்கங்கே தனிப்புள்ளிகள் நீங்குகின்றன. வர்க்கமூலமோ குறையெண்கள் அனைத்தையும் மறுக்கிறது. ஆகவே சமன்பாட்டுக்குப் பதிலாக ஓர் அசமன்பாட்டைத் தீர்க்க வேண்டியிருக்கிறது.

√(சைன் க) என்பதற்குச் சைன் க ≥ 0 ஆக வேண்டும். ஓரலகு வட்டத்தின் மேல்பாதியும், அதன் இரு முனைகளும் இதை நிறைவுசெய்கின்றன. சார்பகம் [2ந·பை, (2ந+1)·பை] என்ற மூடிய இடைவெளிகளின் சேர்ப்பு. இதே இடத்தில் வர்க்கமூலத்துக்குப் பதிலாக மடக்கை வந்தால் பூச்சியமும் ஆகாது. எனவே அதே இடைவெளிகள் திறந்தவை ஆகிவிடும். வர்க்கமூலம் பகுதியில் அமர்ந்திருந்தாலும் முனைகள் விலகிவிடும்.

√(2 காஸ் க − 1) என்பதற்குக் காஸ் க ≥ 1/2 தேவை. காஸ் என்பது கிடை ஆயத்தொலைவு என்பதால், வட்டத்தில் 1/2-க்கு வலப்புறம் உள்ள வில்லை எடுத்துக்கொள்ள வேண்டும். விடை [2ந·பை − பை/3, 2ந·பை + பை/3]. இங்கு 0-இலிருந்து 2பை வரை மட்டும் பார்ப்போர் அந்த வில்லை இரண்டு துண்டுகளாக வெட்டி, [0, பை/3], [5பை/3, 2பை] என எழுதுவார்கள். அது தவறன்று, ஆனால் பொதுத்தீர்வாக மாற்றும்போது தேவையற்ற சிக்கலைத் தரும். காஸ் இரட்டைச் சார்பு, அதாவது காஸ் (−க) = காஸ் க, என்பதால் பூச்சியத்தை நடுவில் வைத்து எழுதுவதே எளிது.

வியப்பூட்டும் இரண்டு நிலைகளும் உண்டு. √(சைன் க − 1) என்பதில் சைன் க ≥ 1 ஆக வேண்டும். சைன் 1-ஐத் தாண்டாது என்பதால் சமமாகும் இடங்கள் மட்டுமே மிஞ்சும். எனவே சார்பகம் பை/2 + 2ந·பை என்ற தனித்தனிப் புள்ளிகள். அங்கெல்லாம் சார்பின் மதிப்பு 0. √(சைன் க − 2) என்பதற்கோ ஒரு மெய்யெண்கூட மிஞ்சாது, சார்பகம் வெற்றுக்கணம்.

இரண்டு மூன்று தடைகள் ஒன்றாக வந்தால் எதை முதலில் பார்ப்பது?

எந்த வரிசையில் பார்த்தாலும் சரிதான். எல்லா நிபந்தனைகளையும் ஒருங்கே நிறைவுசெய்யும் எண்களே வேண்டும், அதாவது கணங்களின் வெட்டு வேண்டும். ஆனால் கடுமையான தடையை முதலில் பார்த்தால் மற்றவற்றில் சில தேவையற்றுப் போகும்.

√(2 காஸ் க − 1)-ஐ டேன் க-ஆல் வகுத்த கோவையை எடுத்துக்கொள்வோம். வர்க்கமூலத்தின் நிபந்தனையிலிருந்து காஸ் க ≥ 1/2. டேன் வரையறுக்கப்பட வேண்டுமானால் காஸ் க ≠ 0; அது முதல் நிபந்தனையிலேயே அடங்கிவிட்டது. டேன் பகுதியில் இருப்பதால் டேன் க ≠ 0, அதாவது க ≠ ந·பை. இவற்றில் பை-இன் ஒற்றை மடங்குகளில் காஸ் −1 ஆவதால் அவை ஏற்கெனவே வெளியே நிற்கின்றன. இரட்டை மடங்குகளை மட்டும் நாம் நீக்கினால் போதும். சார்பகம் [2ந·பை − பை/3, 2ந·பை), (2ந·பை, 2ந·பை + பை/3] ஆகிய இரு வகை இடைவெளிகளின் சேர்ப்பு.

√(சைன் க) + √(காஸ் க), √(சைன் க · காஸ் க) இரண்டுக்கும் ஒரே சார்பகம்தானே?

இல்லை. முதலாவதில் சைனும் காஸும் தனித்தனியே குறையெண்ணாக இல்லாதிருக்க வேண்டும்; எனவே முதல் கால்பகுதி மட்டுமே கிடைக்கும்: [2ந·பை, 2ந·பை + பை/2]. இரண்டாவதில் பெருக்கல் பலன் குறையெண்ணாக இல்லாதிருந்தால் போதும். இரண்டுமே குறையெண்களாக உள்ள மூன்றாம் கால்பகுதியும் உள்ளே வரும். விடை [ந·பை, ந·பை + பை/2]. பெருக்கல் பலனின் வர்க்கமூலத்தை வர்க்கமூலங்களின் பெருக்கலாகப் பிரிக்கும்போது இந்த மூன்றாம் கால்பகுதி சத்தமில்லாமல் தொலைந்துவிடுகிறது.

கோவையைச் சுருக்கிவிட்டுச் சார்பகம் காணலாமா?

கூடாது. கொடுக்கப்பட்ட வடிவத்திலேயே சார்பகத்தைக் கண்டு எழுதிவைத்துவிட்டு, அதன்பின் எவ்வளவு வேண்டுமானாலும் சுருக்குங்கள். இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு விடையைப் படிக்க நேரமிருந்தால் இதைப் படியுங்கள் என்பேன். பெரும்பாலான குழப்பங்களின் வேர் இங்கேதான் இருக்கிறது.

சைன் க · காசெக் க என்பது 1 எனச் சுருங்குகிறது. 1 என்ற மாறிலிச் சார்பு எல்லா எண்களையும் ஏற்கும். ஆனால் மூலக்கோவையில் காசெக் இருப்பதால் ந·பை என்ற எண்கள் ஆகா. வரைபடமாக வரைந்தால் ஒரு கிடைக்கோட்டில் பை தூரத்துக்கு ஒரு துளை இருக்கும்.

இதைவிட நுட்பமானது காட் க, 1/டேன் க ஆகிய இரண்டின் வேறுபாடு. இரண்டும் ஒன்றே என்று எழுதிப் பழகியிருக்கிறோம். பை/2-இல் காட் க என்பது காஸை சைனால் வகுத்தது, அதாவது 0/1, ஆகவே 0. ஆனால் அதே இடத்தில் 1/டேன் க-ஐக் கணக்கிட முதலில் டேன் வேண்டும்; அங்கு டேன் இல்லை. எனவே 1/டேன் க-இன் சார்பகத்திலிருந்து பை-இன் மடங்குகளோடு பை/2-இன் ஒற்றை மடங்குகளும், ஆகமொத்தம் பை/2-இன் எல்லா மடங்குகளும் நீங்குகின்றன. முற்றொருமை என்பது இருபுறமும் வரையறுக்கப்பட்டுள்ள எண்களுக்கு மட்டுமே உண்மை என்பதைச் சேர்த்துப் படிக்க வேண்டும்.

இது வெறும் கறார்த்தனம் அன்று. சமன்பாடு தீர்க்கும்போது விடையையே இழக்க நேரிடும். சைன் க − காஸ் க = 1 என்பதைப் பாருங்கள். ட = டேன் (க/2) எனக் கொண்டு, சைன் க = 2ட/(1+ட²), காஸ் க = (1−ட²)/(1+ட²) என்ற வழக்கமான பிரதியீட்டைச் செய்தால், 2ட − 1 + ட² = 1 + ட² என வந்து, ட = 1, க = பை/2 + 2ந·பை என்ற விடை கிடைக்கிறது. ஆனால் க = பை எனப் பிரதியிட்டுப் பாருங்கள்: 0 − (−1) = 1. அதுவும் தீர்வே! பிரதியீடு அதை ஏன் பார்க்கவில்லை? க = பை எனில் க/2 = பை/2; அங்கு டேன் இல்லை. பிரதியிட்ட கணமே பை-இன் ஒற்றை மடங்குகள் அனைத்தையும் சார்பகத்திலிருந்து வெளியேற்றிவிட்டோம். அவற்றைத் தனியே சோதிக்க வேண்டியது நம் பொறுப்பு.

(சைன் க)/க என்பதற்குப் பூச்சியத்தில் எல்லை 1 அல்லவா? அப்படியிருந்தும் பூச்சியத்தை ஏன் நீக்குகிறோம்?

எல்லை என்பது அருகிலுள்ள எண்களில் சார்பு எவ்வாறு நடந்துகொள்கிறது என்பதைச் சொல்கிறது. அந்த எண்ணிலேயே சார்புக்கு மதிப்பு உண்டா என்பதைச் சொல்வதில்லை. பூச்சியத்தில் மதிப்பு 1 எனத் தனியே வரையறுத்துக்கொள்ளலாம். அப்போது அது சார்பகம் விரிக்கப்பட்ட வேறொரு சார்பாகும்.

டேன் (சைன் க) போல ஒன்றுக்குள் ஒன்று வந்தால்?

உள்சார்பின் வீச்சகம் (அது தரும் மதிப்புகளின் கணம்), வெளிச்சார்பு மறுக்கும் எண்களைத் தொடுகிறதா என்று பாருங்கள். சைன் தரும் எண்கள் −1 முதல் 1 வரை. டேன் முதலில் மறுக்கும் எண் பை/2, அதாவது ஏறத்தாழ 1.571. இரண்டும் சந்திக்கவே இல்லை; ஆகவே டேன் (சைன் க) எங்கும் வரையறுக்கப்பட்டுள்ளது. டேன் (2 சைன் க) என மாற்றினால் உள்ளே −2 முதல் 2 வரை வருவதால் பை/2-உம் −பை/2-உம் அகப்பட்டுக்கொள்கின்றன. அப்போது சைன் க = ±பை/4, ஏறத்தாழ ±0.785 ஆகும் எண்கள் நீங்கும். இதே முறையில் √(காஸ் (சைன் க)) என்ற, பார்ப்பதற்கு மிரட்டும் கோவையின் சார்பகம் மெய்யெண்கள் அனைத்தும் என்பதை ஒரே வரியில் சொல்லிவிடலாம்: −1 முதல் 1 வரை காஸ் எப்போதும் மிகையெண்.

நேர்மாறு முக்கோணவியல் சார்புகளின் சார்பகம் ஏன் இவ்வளவு குறுகலாக இருக்கிறது?

நேர்மாறின் சார்பகம் மூலச்சார்பின் வீச்சகம் என்பதால். சைனும் காஸும் −1 முதல் 1 வரையுள்ள எண்களை மட்டுமே தருகின்றன. எனவே நேர்மாறு சைனும் நேர்மாறு காஸும் [−1, 1]-இல் உள்ள எண்களை மட்டுமே ஏற்கும். டேன் எல்லா மெய்யெண்களையும் தருவதால் நேர்மாறு டேன் அனைத்தையும் ஏற்கும். நேர்மாறு செக், நேர்மாறு காசெக் இரண்டுக்கும் எண்ணின் மட்டு மதிப்பு 1 அல்லது அதற்கு மேல் இருக்க வேண்டும்.

நேர்மாறு சைன் (2க − 3) எனில், −1 ≤ 2க − 3 ≤ 1 என எழுதித் தீர்த்தால் சார்பகம் [1, 2]. நேர்மாறு சைன் ((க² + 1)/(2க)) இதைவிடச் சுவையானது. (|க| − 1)² ≥ 0 என்பதிலிருந்து க² + 1 ≥ 2|க| எனக் கிடைக்கிறது. ஆகவே அந்தப் பின்னத்தின் மட்டு மதிப்பு 1-க்குக் குறையவே குறையாது. நேர்மாறு சைனோ 1-க்கு மேல் ஏற்காது. இரண்டும் ஒத்துப்போகும் இடங்கள் க = 1, க = −1 மட்டுமே; சார்பகம் இரண்டே எண்கள் கொண்ட கணம்.

சைன் (நேர்மாறு சைன் க), நேர்மாறு சைன் (சைன் க) ஆகிய இரண்டையும் ஒன்றெனக் கொள்ள வேண்டாம். முன்னதன் சார்பகம் [−1, 1]. அங்கு மதிப்பு க-தான். பின்னதன் சார்பகம் மெய்யெண்கள் அனைத்தும். ஆனால் மதிப்பு எப்போதும் க ஆவதில்லை. 2பை/3-ஐ உள்ளே இட்டால் பை/3 வெளியே வரும்.

விடையில் ந-ஐப் பற்றி எதுவும் சொல்லாமல் விட்டால் மதிப்பெண் குறையுமா?

குறைய வேண்டும். ந ஒரு முழு என்பதைச் சொல்லாவிட்டால் “பை/2 + ந·பை” என்பது எந்த எண்ணையும் குறிக்கலாம். ந-ஐ இயல் எண் என்று எழுதுவதும் தவறு; குறைப்பக்கத்து எண்கள் விடுபட்டுப்போகும். எழுதி முடித்த பின், ந-க்கு 0, 1, −1 ஆகியவற்றை இட்டுக் கிடைக்கும் எண்களை மூலக்கோவையில் வைத்துப் பார்ப்பது சில நொடி வேலை.

கணிப்பான் டேன் 90-க்கு ஒரு விடையைத் தருகிறதே?

கணிப்பான் ரேடியன் முறையில் இருந்திருக்கும். 90 ரேடியனுக்கு டேன் உண்டு. மதிப்பு ஏறத்தாழ −1.995. பாகை முறைக்கு மாற்றினால் பொதுவாகப் பிழைச்செய்தி வரும். பை ஒரு விகிதமுறா எண் என்பதை 1761-இல் கணிதவியலாளர் லாம்பர்ட் நிறுவினார். அதன் விளைவாகப் பை/2-இன் ஒற்றை மடங்கு எதுவும் விகிதமுறு எண்ணாக இருக்க முடியாது. எனவே ரேடியனில் எந்த விகிதமுறு எண்ணை இட்டாலும் டேன் வரையறுக்கப்பட்டே இருக்கும்.

கணினி நிரல்களில் டேன் (பை/2) எனக் கேட்டால் பிழை வராமல் 1.633 × 10¹⁶ அளவிலான ஒரு பேரெண் வருவதற்கும் காரணம் இதுவே. கணினி சேமித்து வைத்திருப்பது பை-இன் தோராயமான ஒரு விகிதமுறு மதிப்பை. அதன் பாதி உண்மையான பை/2-ஐவிடச் சற்றே சிறியது. அந்தச் சற்றே சிறிய எண் சார்பகத்தில் உள்ளது, அதன் டேன் மதிப்பும் அவ்வளவு பெரியதுதான். கணினி சரியாகவே கணக்கிட்டிருக்கிறது; நாம் கேட்க நினைத்த எண்ணுக்கு அல்ல, அதற்கு அடுத்துள்ள எண்ணுக்கு.